அத்தைக்கு அப்பா வைத்த பூவாடை

எங்கள் அப்பா பிறந்தது மயிலாப்பூரில், தெப்பக்குளத்துக்குப் பக்கத்தில் ஓர் ஒண்டுக்குடித்தனத்தில். சிறு வயதிலேயே பெற்றோரைப் பறிகொடுத்தார். கல்யாணமான சில மாதங்களில் கணவரை இழந்து வீடு திரும்பிய அவருடைய அக்கா, அதாவது எங்கள் அத்தை, மாட வீதியில் பூ விற்று அவரை ஆளாக்கினார். நாளெல்லாம் மல்லிகை தொடுத்த அத்தை ஒரு கிள்ளு பூவைத் தலையில் வைத்ததில்லை. அப்பாவுக்கு அது ஆறாத வருத்தம்.

அப்பா தி.நகரில் புடவைக்கடை விற்பனையாளர். புடவையைத் தன் தோளிலேயே போட்டுக் காட்டுவார். வந்தவர்கள் வெறுங்கையோடு போவது அபூர்வம். அதிர்ந்து பேசாத மனிதர், என் கல்யாணத்துக்கு முன் ஒருநாள் மட்டும் குரலை உயர்த்தினார்.

எங்கள் வீட்டில் கல்யாணம் என்றால் முதலில் பூவாடைக்காரிக்குப் படைப்போம். பூவும் பொட்டுமாக இறந்துபோன பெண்கள்தான் எங்கள் குல அம்மன். புதுப்புடவைக்குப் பூச்சுற்றி வைத்துக் கும்பிட்டு, பிறகு வீட்டுப் பெண் ஒருத்தி அதை உடுத்துவாள். என் கல்யாணத்துக்கு, காலமாகிவிட்ட அத்தையின் பெயரில் அப்பா அரக்குச் சிவப்புப் பட்டு எடுத்து வந்தார்.

உறவில் பெரியப்பா ஒருவர் கொதித்துவிட்டார். "இன்னாடா இது? தாலியறுத்தவளுக்குப் பூவாடையா? பொண்ணுக்கு ஆவுமா?"

அம்மாவும் பயந்தார். "பொண்ணு வாழ்க்கைங்க. விஷப்பரீட்சை வேணாம்."

"எங்கக்கா சோறு போடலன்னா நான் ஏது, பொண்ணு ஏது? எனக்கு சாமின்னா அவதான்!" என்றார் அப்பா.

படைத்தார். பெரியப்பா வெளியிலேயே நின்றார். புடவையைத் தொட யாரும் முன்வரவில்லை. நான் எடுத்து உடுத்திக்கொண்டேன். அப்பா என் முந்தானையைச் சரிசெய்துவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இன்றுவரை என் குடும்பம் ஒரு குறையுமில்லாமல் இருக்கிறது. இப்படியொரு தகப்பன் எல்லோருக்கும் வாய்ப்பதில்லை.

கடைசி நாட்களில் அப்பாவுக்குப் பேச்சு குறைந்துவிட்டது. முறைபோட்டு உடனிருந்த கடை நண்பர்களுக்கும், எங்களுக்குச் சாப்பாடு கொடுத்தனுப்பிய அசோக் நகர் அண்டை வீட்டாருக்கும் நாங்கள் என்றும் கடமைப்பட்டவர்கள்.

அப்பா காலமான பதினாறாம் நாள் அம்மாவின் பிறந்த வீட்டார் வெளிர்நிறக் கோடிப்புடவை கொண்டுவந்தார்கள். அன்று அவ்வளவு பயந்த அம்மா அதைத் தள்ளி வைத்தார். "அவரு இருந்தா எனக்கு இதையா எடுத்தாந்திருப்பாரு? அண்ணியோட செவப்புப் பொடவையக் கொண்டாடி" என்று என்னிடம் அத்தையின் புடவையைக் கேட்டார்.

இன்று அப்பாவின் ஓராண்டு நினைவு நாளுக்கு வந்திருக்கும் உங்களை வாசலில் கைகூப்பி வரவேற்றவர் எங்கள் அம்மா. அவர் உடுத்தியிருப்பது அந்தப் புடவைதான்.