விலக முடியாத பேரரசர்

மஸ்கட்டின் ரூவி பேருந்து நிலையத்தில் துபாய் பஸ்ஸுக்காகக் காத்திருக்கிறேன். நிழலில்கூட வெயில் சுடுகிறது. மடியில் ஜப்பானிய அரசியல் வரலாறு பற்றிய புத்தகம். அட்டையில் பேரரசரின் அரண்மனை. பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் புதுக்கோட்டைக்காரர், ஏசி மெக்கானிக், என்னையும் அட்டையையும் மாறி மாறிப் பார்க்கிறார்.

"ராஜா புக்கா சார்? இங்க சுல்தான் ஆட்சி, அதெல்லாம் வெளிய வச்சுப் படிக்காதீங்க."

"இது ஜப்பான் ராஜாங்க. பழைய அரசியல் சட்டத்த ராஜாவே மக்களுக்குக் கொடுத்தாரு. போர் முடிஞ்சு வந்த சட்டத்துல ஆட்சி மக்களோடது. அவர் நாட்டுக்கு அடையாளம் மட்டும்தான்."

"நீங்க என்ன வேலை சார்? யாரு அனுப்புனா?"

"காலேஜ் வாத்தியார். தங்கச்சி வீட்டுக்கு வந்தேன்."

அவர் நம்பவில்லை. ஆனாலும் எழுந்து போகவில்லை. குரலைத் தாழ்த்தி, "பிடிக்கலைன்னா அவர் விட்டுட்டுப் போலாமா?" என்கிறார்.

"நினைச்ச உடனே முடியாது. வயசாயிடுச்சுன்னு ஒரு ராஜா சொன்னப்ப, பார்லிமென்ட் தனியா சட்டம் போட்ட பிறகுதான் விலகினாரு."

"அப்ப அவருக்கும் கஃபீல் இருக்காரு!" என்று சத்தமாகச் சிரிக்கிறார். விசா கொடுத்த முதலாளியைத்தான் அப்படிச் சொல்கிறார். அம்மாவைப் பார்க்க அவரிடம் லீவு கேட்டு மாதக்கணக்கில் காத்திருக்கிறாராம்.

சிரிப்பு சட்டென்று நிற்கிறது. என் கைப்பேசியைப் பார்க்கிறார். "ரெக்கார்ட் பண்றீங்களா?"

இல்லை என்று திரையைக் காட்டுகிறேன். அவர் பையைத் தூக்கிக்கொண்டு தூரத்து பெஞ்சுக்குப் போய்விடுகிறார். இவ்வளவு கேட்டவர் யார் என்ற சந்தேகம் இப்போது எனக்கும் வருகிறது. அவரிடம் என்னென்ன சொன்னேன் என்று மனசுக்குள் ஒருமுறை சொல்லிப் பார்க்கிறேன்.