ராணியின் மேலங்கி

பலெர்மோவின் பல்லரோ சந்தையில் இன்று எனக்கு இரண்டு கடைகள். படித்தது ஐந்தாம் வகுப்பு. யாருக்கும் நான் தலை குனிந்தது கிடையாது, ஒரே ஒரு மாலையைத் தவிர.

தொண்ணூறுகளில் அதே ஊரின் கபோ பக்கம் ஒரு வயதான தையற்காரியின் வீட்டில் துப்புரவு வேலை செய்தேன். என்னைப் போல் தரை துடைக்க அந்த ஊரில் ஆளில்லை. அவர் குள்ளமானவர், விதவை, எப்போதும் கறுப்பு உடுப்பு. யார் வந்தாலும் சட்டை விளிம்பைப் புரட்டித் தையலைப் பார்ப்பார்.

இத்தாலியில் பெரிய சரித்திரப் படம் ஒன்று ஓடினால், அதைக் கேலி செய்து வயது வந்தோருக்கான படமொன்று பின்னாலேயே வரும். அது அங்கே பழைய வழக்கம். அப்படியொரு படத்து ராணிக்கு அவர் மேலங்கி தைத்திருந்தார்.

"அந்தத் தியேட்டருக்கு நான் போனால் பாதருக்குக் கதை போயிடும். பாக்காமலே செத்துப் போவன் போல கிடக்கு. நீ போய்ப் பாத்துச் சொல்லு, தம்பி."

"எதைப் பாக்கிறது, சிஞ்ஞோரா?"

"உடுப்பை. மற்றதைப் பாத்தால் உன்ரை மனுசிக்குச் சொல்லுவன்."

தொப்பியைக் கண்வரை இழுத்துக்கொண்டு, தலை குனிந்து போனேன். படத்தில் அரண்மனைச் சுவர் வெறும் அட்டை. ஆனால் அந்த மேலங்கி உண்மையான ராணிக்கே பொருந்தும். வந்த வேகத்தில் படத்து ராணி அதைக் கழற்றித் தரையில் எறிந்தாள். காவலாளி அதை மிதித்துக்கொண்டு ஓடினான்.

மறுநாள் அவர் வாசலிலேயே நின்றார். "கழட்டி என்ன செய்தவள்?"

"மடிச்சுக் கதிரையிலை வைச்சவள், சிஞ்ஞோரா."

என்னையே பார்த்தார். பிறகு என் சட்டை விளிம்பைப் புரட்டி, "பிரிஞ்சு போச்சு, கழட்டித் தா" என்றார். தைத்தார். மெதுவாக மடித்துக் கதிரையில் வைத்துவிட்டு உள்ளே போனார்.

நான் சொன்னதை நம்பினாரா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.