பரண் மேலிருந்து ஒரு கேள்வி

சினிமாவில் எனக்கு இரண்டே வேஷங்கள்தாம். இன்ஸ்பெக்டர், இல்லாவிட்டால் பஞ்சாயத்தில் மண்டையை ஆட்டுகிறவர். அதில் வருவதை வைத்துக்கொண்டு அருப்புக்கோட்டையில் அறை எடுத்துத் தங்கி, சுற்றுப்பட்டுத் திருவிழாக்களில் இசை நாடகம் நடத்த நாயாய் அலைகிறேன். ஊர் என்னைக் கிறுக்கன் என்கிறது. சொல்லிவிட்டுப் போகட்டும்.

எங்கள் நாடகத்துக்கு ஒத்திகை கிடையாது. ஆளுக்கொரு ஊரிலிருந்து பஸ் பிடித்து வந்து, பவுடர் பூசி, மேடையில்தான் ஒருவரை ஒருவர் சந்திப்போம். தினைப்புனத்துப் பரண்மேல் குறப்பெண் இருப்பாள். அவளுக்குக் கல்யாணம் பேச முனிவர் வருவார். இருவருக்கும் தர்க்கம் நடக்கும். என்ன கேள்வி வரும் என்று இருவருக்குமே தெரியாது. பதில் வராமல் திணறியவர் தோற்றவர். ஆர்மோனியக்காரர் சுதியை இழுத்து அவர் மானத்தைக் காப்பாற்றுவார். முனிவர் வேஷம் என்னுடையது. அந்தத் தர்க்கத்துக்காகத்தான் நான் உயிரை வைத்துக்கொண்டிருக்கிறேன்.

போன பங்குனியில் திருச்சுழிப் பக்கம் ஒரு நாடகம். குறப்பெண்ணுக்கு ஆளே கிடைக்கவில்லை. கடைசியில் காரியாபட்டியிலிருந்து, கச்சேரிகளில் சினிமாப் பாட்டுப் பாடும் ஒரு பெண்மணி ஒத்துக்கொண்டார். போனில், "அண்ணே, என்ன கேப்பீகன்னு முன்னாடியே சொல்லிருங்க. மனப்பாடம் பண்ணிட்டு வாரேன்" என்றார். எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. ஆனால் அவரும் போய்விட்டால் பரண் காலி. பல்லைக் கடித்துக்கொண்டு, கேள்வியையும் பதிலையும் நானே பேசி வாட்ஸப்பில் அனுப்பினேன்.

பத்து மணிக்கு மேல் மைக் கூடாது என்பதால் ஏழு மணிக்கே தொடங்கினோம். நான் கேட்டேன், அவர் சொன்னார். பிசிறே இல்லை. கூட்டம் கைதட்டியது. எனக்குத்தான் தாங்கவில்லை. என் கேள்விக்கு என் பதிலே திரும்பி வந்துகொண்டிருந்தது. அறையில் சோறு பொங்கும்போது நான் தனியாகப் பேசிக்கொள்வதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? அவ்வளவு கூட்டத்துக்கு நடுவில் அப்படித் தனியாக நான் நின்றதே இல்லை.

அனுப்பிய கேள்விகள் தீர்ந்தன. நான் முடித்துக்கொள்ளப் பார்த்தேன். அவர் பரணைவிட்டு இறங்கவில்லை. கிளி விரட்டும் கவணைக் கீழே வைத்துவிட்டு, "நில்லுங்க சாமி. நான் ஒண்ணு கேக்க வேண்டாமா?" என்றார். நான் அனுப்பாத பேச்சு அது.

"மூணு லோகமும் சுத்துறீக. ஊரு பிள்ளைகளுக்கெல்லாம் கல்யாணம் பேசுறீக. ஒரு நாளு நீங்க திரும்ப நேரமாச்சுன்னா, எங்க இருக்கீகன்னு கேக்க உங்களுக்கு யாரு இருக்கா?"

முனிவரைத்தான் கேட்டார். என் சங்கதி அவருக்கு ஒன்றும் தெரியாது. "பகவான் இருக்கிறார்" என்று சொல்லியிருந்தால் முடிந்திருக்கும். அந்தப் பதில் மறுநாள் காலை பஸ்ஸில்தான் தோன்றியது. மேடையில் வாயைத் திறந்தேன், சொல் வரவில்லை. ஆர்மோனியக்காரர் நம்ப முடியாமல் என்னைப் பார்த்தார். பிறகு சுதியை இழுத்தார். முதன்முதலாக எனக்காக இழுத்தார்.

நான் கைகூப்பித் தோல்வியை ஒப்புக்கொண்டேன். தர்க்கம் சாகவில்லை என்ற சந்தோஷம் வந்தது. அழுகையும் வந்தது. கூட்டம் அதையும் நடிப்பென்று கைதட்டியது.

மறுநாள் அறைக்கு வந்து உலை வைத்தேன். அரிசியைக் களைந்துகொண்டே, அவர் கேட்ட மாதிரியே அந்தக் கேள்வியைச் சத்தமாகக் கேட்டுப் பார்த்தேன். இங்கே சுதியை இழுக்க ஆள் இல்லை.