‘எரியும் இதயம்’ யெவ்லாம்பி

காலுறைக்குப் பதிலாகக் காலில் துணியைச் சுற்றத் தொடங்கும்போதே யெவ்லாம்பி கோர்தேயிச் வசவையும் தொடங்கிவிடுகிறார். முதல் வசவு அந்தத் துணியை நெய்தவளுக்கு. அடுத்தது, ஒரு காலுக்கு நீளமாகவும் மறு காலுக்கு அகலமாகவும் பூட்ஸ் கொடுத்த கிடங்குக்காரனுக்கு. அப்புறம் இந்தச் சதுப்பு நிலம், மழை, மழையை நிறுத்தத் துப்பில்லாத பட்டாலியன் தலைமை. பூட்ஸுக்குள் கால் நுழைந்த பிறகு நேரம் மிச்சமிருந்தால் ஜெர்மன்காரனுக்கும் ஒரு வார்த்தை. “அவன் எதிரி. அவன் வேலையை அவன் பார்க்கிறான். நம்மாளு பண்றதைத்தான் தாங்க முடியல” என்பது அவருடைய கட்சி. வேறு எந்தக் கட்சியிலும் அவர் இல்லை.

வட ரஷ்யாவில் வோலக்தா பக்கம் ஏதோ ஒரு கூட்டுப் பண்ணையில் தச்சராக இருந்தவர். வயது நாற்பத்தைந்தைத் தாண்டிவிட்டது. மட்டமான புகையிலையைக் கடைசி நுனிவரை இழுத்து இழுத்து மீசையின் இடது பாதி மட்டும் பொசுங்கிப்போயிருக்கும். இரண்டு முறை குண்டடி பட்டவர். அதைப் பற்றிக் கேட்டால் இரண்டு ஆஸ்பத்திரிகளிலும் முட்டைக்கோஸ் சூப் தண்ணீராக இருந்ததைத்தான் விவரிப்பார். மேற்கே இரண்டாவது போர்முனையைத் திறக்கப்போவதாக நேச நாட்டார் வருஷக்கணக்கில் சொல்லிக்கொண்டிருக்கிறார்கள். இதுவரை அனுப்பியது டப்பா இறைச்சிதான். கோர்தேயிச் கத்தியைக் குத்தி மூடியை நெம்பிவிட்டு, “இரண்டாவது போர்முனையைத் திறந்தாச்சு, கரண்டியோட வாங்கப்பா” என்று அறிவிப்பார். ராணுவ அறிவிப்புகளில் நாங்கள் முழுமையாக நம்புவது அது ஒன்றைத்தான்.

இந்த மனிதரிடம்தான் எங்கள் கம்பெனியின் அரசியல் அதிகாரி லெப்டினன்ட் ஷுவாலின் ஒரு நாள் வந்து உட்கார்ந்தார். நெட்டையான, நல்ல பையன். பள்ளிக்கூட வாத்தியாருக்குப் படித்துவிட்டு, வகுப்பறைக்குப் போகாமலே போருக்கு வந்தவர். அந்தக் குறையை எங்களிடம் தீர்த்துக்கொண்டிருந்தார். டிவிஷன் பத்திரிகைக்கு ஒரு சாதாரண வீரரின் வாக்குமூலம் வேண்டுமாம். எதற்காகப் போராடுகிறீர்கள் என்று கேட்டார்.

கோர்தேயிச் யோசித்துத்தான் பதில் சொன்னார். “வீட்டுக் கூரை ஒழுகுது, தோழர் லெப்டினன்ட். பாதி பிரிச்சுப் போட்டிருந்தேன், கூப்பிட்டீங்க, வந்துட்டேன். மீதிக்கு அடியில சட்டியை வச்சுக்கிட்டு என் வீட்டுக்காரி உட்கார்ந்திருக்கா. ஜெர்மன்காரன் தொலைஞ்சாத்தானே என்னை விடுவீங்க? அதான் சண்டை போடறேன்.”

இதைத் தவிர வேறு காரணம் உண்டா என்று ஷுவாலின் கொஞ்சம் நம்பிக்கையோடு கேட்டார். பூட்ஸ் பற்றியும் எழுதிக்கொள்ளச் சொன்னார் கோர்தேயிச்.

பத்திரிகை வந்தது. ‘என் இதயம் பழிவாங்கும் பெருந்தீயாய் எரிகிறது’ என்று தொடங்கி, ஒழுகும் கூரையோ சட்டியோ இல்லாமல், வீரர் ரெப்யேவ் முழங்கியிருந்தார். ரெப்யேவ் என்பது கோர்தேயிச்சின் குடும்பப் பெயர். நான் சத்தமாகப் படித்துக் காட்டினேன். கடைசிவரை மரியாதையாகக் கேட்டுவிட்டு, “பாவம், யாருக்கோ நெஞ்செரிச்சல்” என்றார். பிறகு தாளை விரலால் தேய்த்துப் பார்த்து, மெலிசாக இருப்பதில் திருப்தியடைந்து, முழக்கத்தை அளவாகக் கிழித்துப் புகையிலை சுருட்டினார். அன்றிலிருந்து கம்பெனியில் அவர் பெயர் ‘எரியும் இதயம்’. “எரியும் இதயமே, அந்த உப்பைத் தள்ளு” என்றால் தள்ளுவார், ஒரு வசவோடு.

செப்டம்பர் கடைசியில், சதுப்புக்கு அப்பால் இருந்த ஒரு குன்றைப் பிடிக்கச் சொன்னார்கள். அதற்குப் பெயர்கூடக் கிடையாது, வரைபடத்தில் ஒரு எண் மட்டும். முதலில் நம் பீரங்கிகள் குண்டு போட்டுக் குன்றைப் பதப்படுத்தும் என்றார்கள். அவை பக்கத்தில் ஆளில்லாமல் கிடந்த புல்வெளியை மிகத் துல்லியமாகப் பதப்படுத்தின. அது முடிந்ததும் நாங்கள் எழுந்து ஓடினோம். அதிகாரி முன்னால் போனால் வீரர்கள் பின்னால் வருவார்கள் என்று ஷுவாலினுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். அவர் முன்னால் போனார், நாங்களும் போனோம். பாடம் பொய்யில்லை. போனவர்களில் பெரும்பாலானோர் அங்கேயே இருக்கிறார்கள்.

மிச்சமிருந்தவர்கள் ஊர்ந்து பதுங்குகுழிக்குத் திரும்பியபோது ஷுவாலின் நடுவழியில் ஒரு புல்மேட்டை ஒட்டிக் கிடந்தார். அவ்வப்போது ஒரு கை மட்டும் எழுந்து விழுந்தது.

கோர்தேயிச் எட்டிப் பார்த்துவிட்டு முணுமுணுக்கத் தொடங்கினார். ஷுவாலின் மேல் இருந்தது கம்பெனியிலேயே ஓட்டையில்லாத ஒரே மழைச் சீலை, இப்படியே விட்டால் ஜெர்மன்காரன் அதைச் சல்லடையாக்கிவிடுவான், அப்புறம் மழைக்கு எதைப் போர்த்துவது என்றார். பெல்ட்டையும் குவளையையும் கழற்றி வைத்தார். எங்கள் சார்ஜெண்ட் போகக்கூடாது என்று உத்தரவிட்டார். அன்றைக்குப் பார்த்து கோர்தேயிச்சுக்குக் காது அடைத்துவிட்டது.

பட்டப்பகல். மறைவுக்கு ஒரு புதர்கூட இல்லை. எதிரில் இயந்திரத் துப்பாக்கி சேற்றைக் கிளறிக்கொண்டே இருந்தது. அவர் போய்ச் சேர்ந்ததைப் பார்த்தோம். லெப்டினன்டைச் சீலையில் உருட்டிப் போட்டு, மல்லாந்து படுத்துக் குதிகாலை ஊன்றி ஊன்றி இழுத்ததைப் பார்த்தோம். சுடுவது ஓய்ந்த இடைவெளிகளில் அவர் குரல் கேட்டது.

“உங்கம்மா என்னத்தைப் போட்டு வளர்த்தாங்க உங்களை? கொஞ்சம் குட்டையாப் பெத்திருக்கக் கூடாதா?”

ஷுவாலின் மன்னிப்புக் கேட்டுக்கொண்டதும் கேட்டது. நல்ல வளர்ப்பு.

இருவரும் ஒருவர் மேல் ஒருவராகக் குழிக்குள் விழுந்தார்கள். கோர்தேயிச்சின் தோளில் சட்டை கிழிந்து ரத்தம் கசிந்தது. அவர் அதைப் பார்க்காமல் சீலையை விரித்து ஓட்டைகளைப் பார்த்துத் திட்டினார். தூக்குக்கட்டிலில் ஏற்றும்போது ஷுவாலின் அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

“எதுக்கு வந்தீங்க, கோர்தேயிச்?”

“நீங்க போயிட்டா இன்னொருத்தன் வருவான். அவன் என்னத்தை எழுதுவானோ. உங்க புளுகு பழகிப்போச்சு.”

ஷுவாலின் சிரித்தார், பிறகு மயங்கிவிட்டார். காலை எடுத்துவிட்டார்களாம், ஆள் பிழைத்துக்கொண்டார்.

பொழுது சாயும் நேரத்தில் சமையல்காரர் பன்க்ராத்தின் வண்டி வந்தது. ராணுவத்தில் சோறு காலையில் எடுத்த ஆள் கணக்குப்படி வரும். காலையில் நாங்கள் முழுக் கம்பெனி. ரொட்டியைப் பங்கிட எங்களிடம் ஒரு முறை உண்டு. துண்டுகளை வரிசையாக வைத்துவிட்டு ஒருவர் முதுகைக் காட்டி உட்காருவார். இன்னொருவர் ஒவ்வொரு துண்டாகத் தொட்டு “இது யாருக்கு?” என்பார். உட்கார்ந்தவர் ஒரு பெயர் சொல்வார். அன்று யாரும் முதுகைக் காட்டி உட்காரவில்லை. எவ்வளவு வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளலாம். எடுத்த பிறகும் ரொட்டி குவிந்து கிடந்தது. “இன்னிக்காவது வயிறு நிறையச் சாப்பிடுங்கப்பா” என்றார் பன்க்ராத். நல்ல எண்ணத்தில்தான் சொன்னார்.

கஞ்சி அடிப்பிடித்திருந்தது. கோர்தேயிச் ஆரம்பிப்பார் என்று காத்திருந்தோம். சமையல்காரனின் ஏழு தலைமுறையையும் இழுத்திருக்க வேண்டிய கஞ்சி அது. அவர் வாயே திறக்கவில்லை. இயந்திரத் துப்பாக்கியைவிட அதுதான் எங்களுக்குப் பயமாக இருந்தது.

ஒரு முழு ரொட்டியை எடுத்துக்கொண்டு எழுந்தார். சமையல் வண்டியில் பூட்டியிருந்த, விலா எலும்பு தெரியும் கிழட்டுப் பெண்குதிரையிடம் போய் நின்றார்.

“கோர்தேயிச், அது அரசாங்க ரொட்டி” என்றார் பன்க்ராத்.

“இதுவும் அரசாங்கக் குதிரைதான்.”

அதற்குப் பற்கள் சரியில்லை. கருகிய மேலோட்டைப் பெயர்த்து, உள்ளே இருந்த மெத்தென்ற பகுதியைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பிய்த்து ஊட்டினார். ஒரு துணுக்கும் சேற்றில் சிந்திவிடாமல் மறு கையைக் குதிரையின் தாடைக்கடியில் ஏந்திக்கொண்டு, ரொட்டி தீரும்வரை எங்களுக்கு முதுகைக் காட்டியே நின்றார்.