கற்பூரத்துக்குப் பதில் முகங்கள்

பூவரசனுக்கு நின்றுகொண்டே கனவு காண வரும். இடுப்பளவுத் தண்ணீரில் வலையைப் பிடித்தபடி எங்கோ போய்விடுவான். பழவேற்காடு ஏரியும் அதற்குத் தோதான இடம். பனிக்காலத்தில் வானம் எங்கே முடிகிறது, தண்ணீர் எங்கே தொடங்குகிறது என்று தெரியாது. தூரத்தில் வலை இழுக்கிறவர்கள் அந்தரத்தில் நடப்பதுபோல் இருக்கும். "இன்னாடா, தூங்கிட்டியா?" என்று அவனுடைய நைனா அங்கமுத்து அதட்டும்வரை அவனும் அந்தரத்தில்தான் இருப்பான்.

இந்தத் தூங்குமூஞ்சிதான் சென்னையில் பல்கலைக்கழகத்துக்குப் படிக்கப் போய், கடவுள் நம்பிக்கை இல்லாத மாணவர்களின் வட்டத்துக்குச் செயலாளர் ஆனான். மனிதநேய மாணவர் வட்டம் என்று பெயர். விடுதியில் அதைச் சாமியில்லாச் சங்கம் என்று கேலி செய்வார்கள். மொத்தமே பதினேழு பேர். வெள்ளிக்கிழமை சாயங்காலம் வேதியியல் துறைக்குப் பின்னால் மரத்தடியில் கூடி, டீயும் பொறை பிஸ்கட்டுமாகப் பேசுவார்கள். வீட்டில் சொல்ல முடியாததை அங்கே சொல்லலாம். ஞாயிற்றுக்கிழமை போனில் அம்மாவிடம் "சர்ச்சுக்குப் போனேன்" என்று பொய் சொல்லும் எப்சிபா, வெள்ளிக்கிழமை வந்து அதைச் சொல்லி அழுவாள். பூவரசனும் ஊரில் யாரிடமும் வாயைத் திறந்ததில்லை.

அந்த வட்டத்தில் ஒரு வழக்கம் உண்டு. புதிதாகச் சேர்பவர் எதன்மீதும் சத்தியம் செய்ய வேண்டாம். ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்து, பெயரைச் சொல்லி, "உன்னிடம் பொய் சொல்ல மாட்டேன்" என்றால் போதும். கேட்க லேசாக இருக்கிறது அல்லவா? பூவரசனுக்கு ஐந்தாவது முகத்திலேயே நாக்கு ஒட்டிக்கொண்டது.

இந்த வருஷம் அங்கமுத்து படகில் வழுக்கி இடுப்பை உடைத்துக்கொண்டார். அதனால் ஏரியில் பாடு பிரிக்கும் சீட்டை எடுக்க மகன் வரவேண்டியதாயிற்று. இறால், ஊர்ப் பேச்சில் எறா, நிறைய விழும் இடத்துக்குப் பாடு என்று பேர். எந்த நாளில் எந்த வீடு அங்கே வலை கட்டுவது என்பதைச் சீட்டுதான் சொல்லும். சீட்டு எடுக்கும் முன் கங்கையம்மன் எதிரே கற்பூரத்தின்மேல் கை நீட்டி, அடுத்தவன் முறையில் வலை வைத்ததில்லை, வைக்கவும் மாட்டேன் என்று சத்தியம் செய்யவேண்டும். சத்தியம் இல்லையென்றால் அந்த வருஷம் பாடு இல்லை. "பாட்ட வுட்டுட்டு மட்டும் வந்துடாதடா" என்று அங்கமுத்து பாயிலிருந்து சொல்லியனுப்பினார்.

நம்பாத நெருப்பின்மேல் ஒரு வார்த்தை, அதில் என்ன கஷ்டம் என்றுதான் பூவரசன் முதலில் நினைத்தான். ஆனால் மாசி மாதம் நடந்தது நெஞ்சில் குத்திக்கொண்டே இருந்தது. விடுமுறைக்கு வந்தவன் பனியில் கனவு கண்டுகொண்டே வலை கட்டினான். பனி விலகிய பிறகு பார்த்தால், தள்ளிக் கட்டவேண்டிய வலையைப் பாடு இருக்கும் இடத்திலேயே கட்டியிருந்தான்; அன்றைக்கு அங்கே அதே ஊர்த் தனசேகரின் முறை. வலை நிறைய வெள்ளை எறா துள்ளியது. திறந்துவிட மனசு வரவில்லை. அள்ளிக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டான்.

சீட்டு நாளில் அம்மன் எதிரே அவன் சத்தியம் செய்யப் போனதும் அந்தத் தனசேகரே குறுக்கே வந்து நின்றான்.

"இவன் சத்தியம் செல்லாது மாமா" என்று ஊர்த் தலைவர் தருமலிங்கத்திடம் சொன்னான். "மெட்ராஸ்ல சாமி இல்லன்ற சங்கத்துக்கு இவன்தான் செயலாளராம். போன்ல போட்டோ வந்துச்சு. இல்லாத சாமிக்கு இவன் இன்னாத்துக்கு பயப்படுவான்?"

கூட்டம் சலசலத்தது. தருமலிங்கம் கண்ணாடியைக் கழற்றினார். "அப்போ எதுக்குடா பயப்படுவ?"

"மூஞ்சிக்கு மாமா" என்றான் பூவரசன். "ஒவ்வொருத்தர் மூஞ்சியையும் பாத்து சொல்றேன்."

அம்மனுக்கு முதுகைக் காட்டித் திரும்பினான். "தேசப்பன் மாமா, உன் மொறையில நான் வலை வச்சதில்ல. வைக்கமாட்டேன்." வரதன் சிரிப்பை அடக்கத் துண்டை வாயில் வைத்துக்கொண்டான். தன் பெயர் வந்ததும் துண்டை எடுத்துவிட்டு நேராக நின்றான். இருபத்தாறு வீடு. பத்தாவது வீட்டுக்குமேல் ஒருவரும் சிரிக்கவில்லை.

கடைசி முகம் தனசேகருடையது.

"தனசேகர் அண்ணே" என்று தொடங்கினான். நைனா பாயில் படுத்திருப்பது கண்முன் வந்தது. "மாசியில உன் மொறையில வலை வச்சேன். பனியில தெரியல. தெரிஞ்சப்புறமும் எறாவ வுடல."

"தெரியும்டா" என்றான் தனசேகர். அவன் குரல் இறங்கிப்போயிருந்தது. "பனி வெலகும்போது அந்தாண்டதான் நின்னுக்கினு இருந்தேன். கற்பூரத்துல நீ துணிஞ்சு பொய் சொல்லிடுவ. அதான் வேணாம்னேன்."

ஊர்க் கட்டுப்பாடு எல்லாருக்கும் ஒன்றுதான். அந்த வருஷம் அங்கமுத்து வீட்டுக்குப் பாடு இல்லை என்று தருமலிங்கம் சொல்லிவிட்டார்.

பூவரசன் வீட்டுக்கு வந்து பாயருகில் உட்கார்ந்தான். முகத்தைப் பார்த்து எல்லாவற்றையும் சொன்னான். அங்கமுத்து கூரையைப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"அந்த எறாவ அம்மன் குடுத்துச்சுன்னு கும்பிட்டேனேடா" என்றார். பூவரசனுக்கு அழுகை வந்தது. பாடு போனதுகூட அவனுக்கு இப்படி வலிக்கவில்லை.

"சாமி இல்லவே இல்லன்றியா?"

இருபத்தாறு முகங்களைவிட இந்த ஒரு முகம் கனத்தது. "எனக்கு இல்ல நைனா. உன்னாண்ட பொய் சொல்ல மாட்டேன்."

வெளியே ஏரி வெயிலில் வெள்ளையாக, கரையே இல்லாததுபோல் கிடந்தது. அங்கமுத்து அதன் பக்கம் தலையைத் திருப்பினார்.

"எனக்கு உண்டு" என்றார். பிறகு மகன் கையைத் தட்டினார். "உனக்கு முன்னாடியே தனசேகர் இங்க வந்துட்டு போனான். நாளைக்கு அவன் வலைக்கு ஆள் பத்தலயாம், உன்ன அனுப்ப சொன்னான். போ. தூங்கிடாத."