ஒட்டிலி அடித்த ஆணி

ஒட்டிலி கல்வைட் தன் வாழ்நாளில் சுவரில் ஒரே ஒரு ஆணிதான் அடித்தாள். அந்த ஒரு ஆணியின் கதைதான் இது.

நான் ரோசீன். பெர்லினில், வெட்டிங் பகுதியில், ஒரு கட்டடத்தின் நிலவறையில் கரியும் உருளைக்கிழங்கும் விற்கிறவள். என் கடை ஜன்னல் தெரு மட்டத்தில் இருக்கிறது. அதன் வழியே பார்த்தால் மனிதர்களின் கால்கள் மட்டுமே தெரியும். இந்தப் பகுதியில் பார்க்காத சாவா, பார்க்காத சண்டையா? எதற்கும் அசைய மாட்டேன் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அந்த வருடங்களில் இங்கே கட்டடங்கள் காளான் மாதிரி முளைத்தன. தெருவைப் பார்த்து ஒன்று, அதன் பின்னால் ஒரு முற்றம், முற்றத்துக்குப் பின்னால் இன்னொரு கட்டடம், அதற்கும் பின்னால் இன்னொன்று. கடைசி முற்றத்துக்கு வெயில் வழி தெரியாமல் திரும்பிப் போய்விடும். கொத்தனார் சாந்து பூசி இறங்கிய கையோடு கட்டடக்காரருக்கு ஆள் வேண்டும். ஆனால் சொட்டச் சொட்ட ஈரமாக இருக்கும் சுண்ணாம்புச் சுவருக்குள் முழு வாடகை கொடுக்கிற குடும்பம் எதுவும் வராது. அதனால் முதலில் இல்லாதப்பட்டவர்களைக் குடிவைப்பார்கள். வாடகை பேருக்குத்தான். அவர்கள் அடுப்பு மூட்டி, சமைத்து, மூச்சு விட்டு, பிள்ளை பெற்று அந்தச் சுவரைக் காய வைக்க வேண்டும். காய்ந்ததும் வெளியே. அடுத்த தெருவில் அடுத்த ஈரச் சுவர் காத்துக்கொண்டிருக்கும். ஈரக்குடித்தனம் என்போம். மனிதர்களை அடுப்பாக வைத்துப் பிழைத்த ஊர் இது.

ஒட்டிலி கல்யாணமான நாளிலிருந்து ஈரக்குடித்தனம்தான். கிழக்கே ஏரிகள் நிறைந்த மசூரியாவிலிருந்து வீட்டு வேலைக்கு வந்த பெண். கொத்தனார் குஸ்டாவைக் கட்டிக்கொண்டாள். அவன் சுவர் எழுப்புவான், இவள் காய வைப்பாள். பீர்க்கடையில் ஆண்கள் கேலி செய்வார்கள்.

"என்ன குஸ்டாவ், நீ பாதி வேலை பாத்துட்டு வந்துடற, மீதிய உன் பொண்டாட்டிதான் முடிக்கிறா போல?"

"அவ முடிக்கிற பாதிக்குக் கூலி இல்லடா, அதான் எனக்குச் சண்டை," என்பான் அவன். எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரித்திருக்கிறேன்.

மூத்தவள் எல்லி ஒரு கட்டடத்தில் பிறந்தாள். அடுத்த பையன் ஒரு கட்டடத்தில் பிறந்து வேறொரு கட்டடத்தில் இருமியே செத்தான். மூன்றாவது ஆர்னோ. நாலு வயதாகியும் அவனால் நிற்க முடியவில்லை. வெயிலே படாமல் வளர்ந்ததில் கால் எலும்பு வில்லாக வளைந்துவிட்டது. இலவச மருத்துவர் பார்த்துவிட்டு, "மருந்தெல்லாம் வேண்டாம்மா, வெயில் குடு," என்றாராம். ஒட்டிலி என் கடைக்கு வந்து, அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தாள்.

"வெயில் குடுன்னுட்டாருக்கா. எந்தக் கடையில விக்குதாம்?"

அந்த இலையுதிர்காலத்தில் என் தலைக்கு மேலேயே அவளுக்கு ஒரு வீடு கிடைத்தது. புதிதாக எழுப்பிய மூன்றாவது மாடி, தெருப்பக்கம், தெற்குப் பார்த்த ஜன்னல். ஈரக்குடித்தனக்காரிக்குத் தெருப்பக்கம் கிடைப்பதே அதிசயம். சுவரெல்லாம் வியர்த்து வழிந்தது, ரொட்டியில் ஒரே நாளில் பூஞ்சை பூத்தது. ஆனால் காலையிலிருந்து மதியம் தாண்டும்வரை தரையில் வெயில் விழுந்தது. அவள் ஆர்னோவைத் தூக்கி அந்த வெயிலில் உட்கார வைத்தாள். வெயில் நகர நகர அவனையும் நகர்த்தினாள்.

பனிக்காலத்தில் நான் ஒருநாள் மேலே போனபோதுதான் அந்த ஆணியைப் பார்த்தேன். ஜன்னல் ஓரச் சுவரில், என் இடுப்பு உயரத்தில். அதில் குஸ்டாவின் பழைய தோல் வார் தொங்கியது. ஆர்னோ அதைப் பிடித்துக்கொண்டு நின்றுகொண்டிருந்தான். நின்றுகொண்டிருந்தான்! கால்கள் நடுங்க, நாக்கைத் துருத்திக்கொண்டு.

"அடி பாவி, ஆணி அடிச்சிட்டியா?" என்றேன்.

ஈரச் சுவரில் ஆணி நிற்காது. சாந்தோடு பெயர்ந்து வந்துவிடும். அதனால் ஈரக்குடித்தனக்காரர்கள் ஆணியே வைத்திருப்பதில்லை. சட்டையை நாற்காலியில் போடுவார்கள், மாதா படத்தைத் தரையில் சாத்தி வைப்பார்கள்.

"ஜன்னல் பக்கம் காஞ்சிருச்சுக்கா," என்று மெல்லச் சொன்னாள். சொன்ன பிறகுதான் அவள் முகத்தைப் பார்த்தேன். சந்தோஷமே இல்லை.

காய்ந்துவிட்டது என்றால் கிளம்ப வேண்டும். கட்டடக்காரரின் ஏஜெண்ட் டுப்பிக் மாதத்துக்கு ஒருமுறை வந்து புறங்கையைச் சுவரில் வைத்துப் பார்ப்பார். கை சில்லென்றால் இன்னும் ஒரு மாதம். இல்லையென்றால் மூட்டை கட்டு. அடுத்த வீடு எது, எந்த முற்றத்தின் இருட்டில் என்று யாருக்குத் தெரியும்?

"கோடை வரைக்கும் இருந்தா போதும்க்கா. இவன் கால் நேராயிடும்," என்றாள்.

அதற்குப் பிறகு அவள் கரி வாங்குவது குறைந்தது. குளிரோ கொன்றுகொண்டிருந்தது. கரி மிஞ்சுகிற வீடா அது? எனக்குக் கோபம்தான் வந்தது, வேறு கடையில் வாங்குகிறாளோ என்று. ஒரு கூடைக் கரியைத் தூக்கிக்கொண்டு, நாலு வார்த்தை கேட்டுவிடலாமென்று மேலே போனேன். கதவு திறந்திருந்தது.

ஒட்டிலி கட்டிலின் மேல் மண்டியிட்டிருந்தாள். கையில் குஸ்டாவின் சுண்ணாம்படிக்கும் தூரிகை. பக்கத்தில் வாளி. கட்டிலை ஒட்டிய சுவரில், மேலிருந்து கீழாக, நிதானமாகத் தண்ணீர் அடித்துக்கொண்டிருந்தாள்.

கூடை என் கையிலிருந்து நழுவியது. கரி படிக்கட்டெல்லாம் உருண்டு ஓடியது.

"ஒட்டிலி! என்னடி பண்ற? பைத்தியம் பிடிச்சிருச்சா உனக்கு?"

"கத்தாதீங்கக்கா. கீழ கேக்கும்."

"ஈரத்தால ஒரு பிள்ளைய வாரிக் குடுத்தவ நீ! நீயே தண்ணி அடிக்கிறியா?"

"புள்ளைங்க ஜன்னல் பக்கம் படுக்குதுங்க. அங்க நல்லாக் காஞ்சிருக்கு. இந்தப் பக்கம் நான்தானே படுக்கறேன்."

"நீ மனுஷி இல்லியா?"

அவள் தூரிகையை வாளியில் முக்கினாள். "நேத்து வாரை விட்டுட்டு ரெண்டு அடி வச்சான்க்கா," என்றாள்.

எத்தனை வருடம் இந்த ஈரத்தைத் திட்டியிருப்போம், எத்தனை குழந்தைகளைக் கல்லறைக்கு அனுப்பியிருப்போம். அந்த ஈரத்தையே ஒருத்தி கைப்பிள்ளை மாதிரி ஊட்டி வளர்க்கிறாளே! படியில் உட்கார்ந்து கரியைப் பொறுக்கினேன்.

குஸ்டாவுக்குத் தெரியாது. அவன் இருட்டில் போய் இருட்டில் வருகிறவன்; சுவர் சில்லென்றிருந்தால், "என்ன சாந்து போட்டானுங்களோ," என்று தன் தொழிலையே திட்டிவிட்டுத் தூங்கிவிடுவான். டுப்பிக் வந்தார், கட்டில் பக்கத்துச் சுவரில் புறங்கையை வைத்தார், உதட்டைப் பிதுக்கினார், போனார். அவர் வரும்போதெல்லாம் ஒட்டிலி ஜன்னல் ஓரமாக, சுவரில் முதுகைச் சாய்த்துக்கொண்டு நிற்பாள். நிமிர்ந்து நிற்க முடியாமல்தான் சாய்ந்து நிற்கிறாள் என்று நினைத்தேன். அவளுக்கு அப்போதே இருமல் முற்றியிருந்தது.

வசந்தம் பிறந்தபோது அவள் எழுந்திருப்பதை நிறுத்திவிட்டாள். இடம் மாறிப் படு என்று கெஞ்சினேன், திட்டினேன். கேட்டால்தானே. லிண்டன் மரங்கள் துளிர்விடுவதற்குள் போய்ச் சேர்ந்தாள். நுரையீரல் என்றார் மருத்துவர். வெட்டிங்கில் எல்லோருக்கும் அதே நோய்தான், அவருக்கு வேறு வார்த்தையே தேவைப்படவில்லை.

அடக்கம் முடிந்து சில நாள் கழித்துச் சூப் எடுத்துக்கொண்டு மேலே போனேன். கதவைத் தள்ளியதும் தூக்கிவாரிப்போட்டது. அதே கட்டில். அதே வாளி. அதே தூரிகை. மண்டியிட்டிருந்தது எல்லி. பத்து வயதுப் பெண், கை எட்டாமல் எம்பி எம்பிச் சுவரில் தண்ணீர் அடித்துக்கொண்டிருந்தாள்.

"எல்லி!"

"அம்மா சொல்லிட்டுப் போனாங்க அத்தை. தம்பி ஓடுற வரைக்கும் நான் அடிக்கணுமாம். இனிமே இந்தப் பக்கம் நான்தான் படுக்கணும்."

பாய்ந்து போய் வாளியைப் பிடுங்கினேன். அவள் விடவில்லை. இருவரும் இழுத்ததில் தண்ணீர் தரையெல்லாம் கொட்டியது. என் வாயிலிருந்து வந்த கெட்ட வார்த்தைகள் அவளைப் பார்த்தா, அவள் அம்மாவைப் பார்த்தா, இந்த ஊரைப் பார்த்தா, எனக்கே தெரியாது. அப்போதுதான் படியில் டுப்பிக்கின் பூட்ஸ் சத்தம் கேட்டது.

எல்லி தூரிகையைப் போர்வைக்குள் தள்ளினாள். நான் வாளியைப் பாவாடைக்குப் பின்னால் மறைத்தேன். டுப்பிக் உள்ளே வந்து தொப்பியைக் கழற்றினார், அம்மா போனதற்கு வருத்தம் சொன்னார், கட்டில் சுவரில் புறங்கையை வைத்தார்.

"இன்னும் ஈரந்தான்," என்றார். எல்லி மூச்சு விட்டாள். நானும் விட்டேன்.

அந்த நேரம் பார்த்து ஆர்னோ ஜன்னல் பக்கம் போனான். வாரைப் பிடித்து, காலைச் சுவரில் ஊன்றி, முழுப் பலத்தோடு ஊஞ்சலாடினான். டுப்பிக் அதைப் பார்த்தார். போய் ஆணியைப் பிடித்து இழுத்தார். ஆட்டினார். இரண்டு கையாலும் இழுத்தார். ஆணி அசையவில்லை.

தூரிகையைப் பற்றி எல்லிக்குச் சொல்லிவிட்டுப் போனவள், இந்த ஆணிக்கு முன்னால் நிற்கச் சொல்ல மறந்துபோனாள்.

"சுவர் கல்லாட்டம் காஞ்சிருக்கே," என்றார் டுப்பிக். கட்டில் பக்கம் திரும்பினார். போர்வைக்கு வெளியே நீட்டிக்கொண்டிருந்த தூரிகைக் காம்பைப் பார்த்தார். தரையில் கிடந்த தண்ணீரைப் பார்த்தார். "அந்தம்மா இங்கதானே படுத்துக்கிடந்தாங்க?" என்று என்னிடம் கேட்டார்.

"ஆமா. இந்தச் சுவத்த ஒட்டித்தான். உங்க கை சில்லுன்னு இருக்கணும்னுதான் படுத்துக்கிடந்தா," என்றேன்.

அவர் முகம் வெளுத்தது. கட்டிலில் உட்கார்ந்துவிட்டார். எந்த வீட்டிலும் அவர் உட்கார்ந்து நான் பார்த்ததில்லை. தன் புறங்கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இந்த மனிதன் இப்போது ஒரு நல்ல வார்த்தை சொல்லிவிடுவான் என்று நிச்சயமாக நம்பினேன்.

அவர் எழுந்து தொப்பியைப் போட்டுக்கொண்டார்.

"ஒண்ணாந்தேதி காலி பண்ணச் சொல்லிருங்க. அடுத்த தெருவுல ஒரு வீடு இருக்கு. பின்கட்டு, ரெண்டாவது முற்றம். குஸ்டாவுக்குத் தெரியும், அவருதான் பூசினாரு."

முதல் தேதி அவர்கள் கிளம்பினார்கள். குஸ்டாவுக்கு எல்லாவற்றையும் நான்தான் சொன்னேன். அவன் ஆணி பிடுங்கும் குறடு ஒன்றை எடுத்துக்கொண்டு மேலே போனான். வெகுநேரம் சத்தம் கேட்டது. திரும்பி வந்தபோது கையில் வார் மட்டும்தான் இருந்தது. ஆணி வரவில்லை.

தள்ளுவண்டியின் பின்னால் அந்த வாரைக் கட்டி ஆர்னோவிடம் கொடுத்தான். என் ஜன்னல் வழியே அவர்கள் போவதைப் பார்த்தேன். சக்கரம், குஸ்டாவின் பூட்ஸ், எல்லியின் மரக்காலணிகள். கடைசியாக இரண்டு சின்னக் கால்கள், கொஞ்சம் வளைந்தவை, தத்தித் தத்தி, ஆனால் தானாகவே நடந்து, அடுத்த ஈரச் சுவரை நோக்கிப் போயின.