காலில் ஓர் அட்டைக்கடி

போடியில் அட்டை கிடையாது. வெயிலும் புழுதியும் வேண்டிய மட்டும் உண்டு, கொசுவைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். அட்டை மட்டும் மலைமேல்தான். அதனால், பள்ளிக்கூடத்தில் ஸ்பெஷல் கிளாஸ் என்று போய்விட்டு வந்த மகள் ஒரு சனிக்கிழமை சாயங்காலம் கணுக்காலைச் சொறிந்தபோது, ரத்தம் உறைந்த அந்தச் சின்னப் புள்ளியைப் பார்த்து எனக்குத் திக்கென்றது. பதினொன்றாம் வகுப்புக்கு மலையில் என்ன பாடம்?

கேட்டிருக்கலாம். நான் கேட்கிற ஆள் இல்லை, பார்க்கிற ஆள். ஏலக்காய் கிட்டங்கியில் தரம் பார்ப்பதுதான் என் வேலை. சாயம் ஏற்றிய காய், சரியாக உலராத காய், பூச்சி துளைத்த காய் எல்லாம் தூரத்திலேயே தெரிந்துவிடும். நல்ல காயைக்கூட இருமுறை நசுக்கிப் பார்ப்பேன். முதலாளிக்கு இதனால்தான் என்னைப் பிடிக்கும். வீட்டில் யாருக்கும் பிடித்ததில்லை.

வீட்டில் என்றால் நானும் மகளும்தான். அவள் அம்மா போய் மூன்று வருஷமாகிறது. விடிவதற்குள் ஜீப்பேறி மலைக்குப் போய், ஏலத்தோட்டத்தில் காய் எடுத்துவிட்டுப் பொழுது சாயத் திரும்புகிறவள். அந்த வருஷம் ஆடி மழையில் அவள் காலில் ஓர் அட்டைக்கடிகூட இல்லை. அடைமழையில் தோட்டத்துக்குள் நின்றவள் கால் எப்படி அப்படி இருக்கும்? வேறெங்கோ போய் வருகிறாள் என்று முடிவு கட்டிவிட்டேன். தினமும் அவள் காலைப் பார்த்தேன். கடைசி வாரம், வாசலில் நுழையும்போதே சேலையைக் கொஞ்சம் தூக்கிக் காட்டிவிட்டுத்தான் அடுப்படிக்குப் போனாள். எவன்கூட சுத்திட்டு வர்றே என்று ஒருநாள் வாய்விட்டே சொன்னேன். அதைக் கேள்வி என்று சொல்ல முடியாது.

மறுநாள் ஜீப்பில் போனவள் திரும்பவில்லை. மலைக்கு அந்தப் பக்கம் ஏதோ எஸ்டேட்டில், கூலிக்காரர்களின் லயன் வீட்டில் இருப்பதாகச் சொன்னார்கள். அவளிடமிருந்து போன் வந்தது. நான் எடுக்கவில்லை, நம்பரையே மாற்றினேன். ஒங்கம்மா ஒருத்தனோட போயிட்டா என்று மகளிடம் சொன்னேன். நெருப்பில்லாமல் புகையுமா என்று தெருவும் ஒத்து ஊதியது.

இப்போது மகள் காலில் கடி. தாயைப் போல பிள்ளை என்று மனசு ஆரம்பித்துவிட்டது. அவள் பையைத் துழாவினேன், போனை நோண்டினேன். ஜீப் ஓட்டுகிறவர்களில் வயசுப் பையன்கள் யார் யார் என்று விசாரித்தேன். ஒருத்தன் என்னண்ணே, சாப்பிட்டாச்சா என்று கேட்டதற்கே இரண்டு நாள் அவன்மேல் கண் வைத்திருந்தேன். அவளும் போய்விட்டால் எனக்கு யார் இருக்கிறார்கள் என்ற பயம்தான் எல்லாவற்றுக்கும் அடியில் கிடந்தது.

மூன்றாவது சனிக்கிழமை லீவு போட்டுவிட்டு ஜீப் ஸ்டாண்டில் டீக்கடைக்குப் பின்னால் ஒளிந்து நின்றேன். மகள் வந்தாள். தோட்ட வேலைக்குப் போகிற பெண்கள், என் மனைவியோடு வேலை பார்த்தவர்கள், பழகினவர்கள் மாதிரி நகர்ந்து அவளுக்கு இடம் விட்டார்கள். அம்மாவின் பழைய முழுக்கைச் சட்டையைப் போட்டிருந்தாள். பையன் எவனும் இல்லை. டிரைவர் தலை நரைத்தவர். அவரையும் ஒரு நிமிஷம் சந்தேகப்பட்டேன், பொய் சொல்வானேன்.

சாயங்காலம் அவள் வந்ததும் காலக் காட்டு என்றேன். காட்டினாள். இரண்டு கடி.

"எதுக்கு மலைக்குப் போறே?"

"அம்மா ஏன் போனாங்கன்னு கேக்க."

ஊருக்குள் கேட்டால் அந்தப் பெண்கள் வாய் திறப்பதில்லையாம். தோட்டத்தில் பக்கத்தில் உட்கார்ந்து கூடமாடக் காய் எடுத்தால் பேச்சு தானாக வருமாம். அப்படித்தான் அவளுக்குத் தெரிந்திருக்கிறது. அந்த ஆடியில் அவள் அம்மாவுக்கு இடுப்பு வலி. குனிய முடியவில்லை. கங்காணி அவளைக் காய் உலர்த்துகிற ஸ்டோருக்குள் மாற்றிவிட்டிருக்கிறார். நாள் முழுக்க அடுப்புச் சூட்டில் நின்றவள் காலில் அட்டை எங்கேயிருந்து ஏறும்? காயைப் பார்த்து அது எந்த ஸ்டோரில் உலர்ந்தது என்று சொல்கிறவன் நான். இது எனக்குத் தோன்றவில்லை.

"அம்மா கால்ல கடி இல்லன்னு சந்தேகப்பட்டீங்க. என் கால்ல கடி இருக்குன்னு சந்தேகப்படுறீங்க. எந்தக் கால வச்சுக்கிட்டுப்பா நாங்க இந்த வீட்டுக்குள்ள வர்றது?"

எனக்கு அழுகை வந்தது. அவள் அழவில்லை. அம்மா இருக்கிற எஸ்டேட் தெரிந்துவிட்டது, அடுத்த சனிக்கிழமை அங்கே போகிறேன் என்றாள். அனுமதி கேட்கவில்லை, தகவல் சொன்னாள்.

அந்தச் சனிக்கிழமை கிட்டங்கியில் நல்ல காயையெல்லாம் கழித்துப் போட்டுக்கொண்டிருந்தேன். திரும்பி வருவாளா என்பது தவிர வேறு நினைப்பில்லை. ஜீப் ஸ்டாண்டில் போய் நின்றால் வேவு பார்த்த மாதிரி ஆகிவிடும் என்று நேராக வீட்டுக்கு வந்து காத்திருந்தேன். வந்தால் முகத்தைத்தான் பார்க்க வேண்டும், அம்மா எப்படி இருக்கா என்றுதான் கேட்க வேண்டும் என்று மனசுக்குள் நூறு தடவை சொல்லி வைத்தேன்.

பொழுது சாய வந்தாள். என் கண் நேராக அவள் காலுக்குப் போனது.

அதை அவள் பார்த்துவிட்டாள். செருப்பைக் கழற்றிவிட்டு, சுடிதார் பேண்ட்டைக் கணுக்காலுக்கு மேல் கொஞ்சம் தூக்கிப் பிடித்துக்கொண்டு, நான் பார்த்து முடிக்கும்வரை வாசலிலேயே நின்றாள்.